திதியறியாச் சாவுகள்

தாய்லாந்தின் காஞ்சனபுரி நகரில், இரயில் நிலையத்திற்கு அணித்தே போர்க் கல்லறைத் தோட்டம் ஒன்று இருக்கிறது. புல் சீராக வெட்டப்பட்ட நிலத்தில், வரிசை பிறழாமல் ஏறத்தாழ ஏழாயிரம் கற்கள் பதிக்கப்பட்டுள்ளன. சயாம் பர்மா இரயில் பாதையை அமைக்கும் பணியில் மாண்ட ஆங்கிலேய, ஆஸ்திரேலிய, டச்சுப் போர்க்கைதிகள் அங்கே அடக்கமாகியுள்ளனர். கல்தோறும் பெயர், படைப்பிரிவு, அகவை, இறந்த நாள் ஆகியன பொறிக்கப்பட்டிருக்கின்றன. பல கற்களின் அடியில் பெற்றோரோ மனைவியோ எழுதியனுப்பிய ஓரிரு சொற்களும் உண்டு. அவற்றைப் படித்துக்கொண்டே நடந்தபோது, பெயர்களைக் காட்டிலும் அந்த நாள்களே என் நெஞ்சை உறுத்தின. 1943 ஜூன் மாதத்தில் இன்ன நாள், ஜூலை மாதத்தில் இன்ன நாள் என்று ஒவ்வொருவருக்கும் ஒரு நாள் இருந்தது. அதே காட்டுக்கு, அதே ஆண்டில் சென்ற என் பாட்டனாருக்கு அப்படி ஒரு நாள் இல்லை. அவர் மாண்டார் என்பதே நாங்களாகச் செய்துகொண்ட முடிவு.

கிள்ளான் பள்ளத்தாக்கின் தோட்டங்களிலிருந்து சயாமுக்குப் போய்த் திரும்பாதவர்களின் வரலாற்றைப் பிறர் ஓரளவு எழுதியிருக்கின்றனர். அவர்களை அனுப்பிவிட்டு வீட்டில் இருந்தவர்கள் எவ்வாறு துக்கம் காத்தனர் என்பது போதிய அளவு எழுதப்படவில்லை என்பது என் எண்ணம். துக்கமும் வரலாற்றில் அடங்கியதே. எனினும் அதற்கு ஆவணம் இராது, அடுக்களையில் தேடவேண்டும்.

முதலில் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஜப்பானியப் படை 1942 ஜனவரி 11-ஆம் நாள் கோலாலம்பூரில் நுழைந்தது. அதற்கு முந்திய ஆண்டில்தான் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் பெரியதொரு வேலைநிறுத்தம் நடத்தியிருந்தனர். கூலி உயர்வு கேட்டனர். துரையைக் கண்டால் மிதிவண்டியை விட்டு இறங்கவேண்டும் என்ற இழிவு ஒழியவேண்டும் என்றனர். அரசு படையை வரவழைத்தது, துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் சிலர் மாண்டனர், தலைவர் ஆர். எச். நாதன் நாடு கடத்தப்பட்டார். அப்பொழுதுதான் முதுகை நிமிர்த்தத் தொடங்கிய மக்கள், ஈராண்டு முடிவதற்குள் சரக்கு வண்டிகளில் அடைக்கப்பட்டு வடக்கே கொண்டுசெல்லப்பட்டனர் என்பதை நினைக்குந்தோறும் மனம் கனக்கிறது.

பர்மாவிலிருந்த தன் படைக்குக் கடல் வழியாகத் தளவாடம் அனுப்புவது ஜப்பானுக்கு இடர் மிகுந்ததாயிற்று. ஆகவே சயாமில் பான்போங் அருகிலிருந்து பர்மாவின் தான்பியூசயாட் வரை, 415 கிலோமீட்டர் தொலைவுக்கு, மலையையும் காட்டையும் ஊடறுத்து இரயில் பாதை போட முடிவு செய்தனர். வேலை 1942-இன் பிற்பாதியில் தொடங்கிற்று. 1943 அக்டோபர் 17-ஆம் நாள் இரு முனைகளும் இணைந்தன. அறுபதாயிரத்துக்கு மேற்பட்ட போர்க்கைதிகள் அதில் உழைத்தனர். பன்னிரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் இறந்தனர். கைதிகள் போதாமற் போகவே, மலாயா, பர்மா, ஜாவா ஆகிய நாடுகளிலிருந்து கூலிகளைக் கொணர்ந்தனர். இவர்களின் தொகை 180,000-க்கும் மேல் என்பர். மலாயாவிலிருந்து மட்டும் எழுபதாயிரத்துக்கு மேற்பட்டோர் சென்றனர். அவர்களுள் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர். இறந்த ஆசியத் தொழிலாளர் எண்பதாயிரம் முதல் ஒரு லட்சம் வரை இருக்கலாம் எனப் போர்க் கல்லறை ஆணையம் மதிப்பிடுகிறது. எண்பதாயிரத்துக்கும் ஒரு லட்சத்துக்கும் இடையில் இருபதாயிரம் உயிர்கள் உள்ளன. பெயரை எழுதாத இடத்தில் தொகை மட்டும் நேராக வருமா?

தோட்டங்களில் அப்போது வேலையில்லை. ரப்பருக்குச் சந்தை இல்லை. அரிசி அரிதாகி, மரவள்ளிக் கிழங்கே உணவாயிற்று. வேட்டி கிழிந்தவர்கள் சாக்குத் துணியைச் சுற்றிக்கொண்டனர். ஜப்பானியர் அச்சடித்த வாழைமர நோட்டு நாளுக்கு நாள் மதிப்பிழந்தது. இந்நிலையில், நாளொன்றுக்கு ஒரு வெள்ளி கூலி, சோறும் இருப்பிடமும் இலவசம், மூன்றே மாதத்தில் திரும்பிவிடலாம் என்று ஆசை காட்டினர். தோட்டத்துக்கு இத்தனை பேர் என்று கணக்கு வைத்துக் கேட்டனர். பெயர்களைக் கொடுத்தவர்கள் பெரும்பாலும் நம்மவர்களே, அதாவது கிராணிமாரும் கங்காணிமாரும்தாம் என்பதையும் மறைப்பதற்கில்லை. மறுத்திருந்தால் அவர்கள் கதி என்னவாகியிருக்கும் என்பதையும் உடன் நினைக்கவேண்டும். ஆசை வார்த்தை பலிக்காத இடங்களில் வலை விரித்தனர். இலவசப் படம் என்று கொட்டகைக்குள் அழைத்துக் கதவைச் சாத்தியதையும், கள்ளுக்கடை வாசலில் லாரியை நிறுத்தி நின்றவர்களை ஏற்றியதையும் முதியோர் சொல்லக் கேட்டு வளர்ந்தவன் நான்.

கிள்ளானுக்கும் காப்பாருக்கும் இடைப்பட்ட ஒரு தோட்டத்தில் என் பாட்டனார் பால் வெட்டிக்கொண்டிருந்தார். 1943-இல் ஒரு விடியற்காலைப் பெரட்டில் அவர் பெயர் வாசிக்கப்பட்டது. அவரை வலை வீசிப் பிடிக்கவில்லை. பெயர் வாசித்தார்கள், போனார். என் தந்தைக்கு அப்போது ஏழு வயது. ஒரு போர்வை, ஒரு தகரக் குவளை, வழிக்கு அவித்த கிழங்கு ஆகியவற்றைப் பாட்டி கட்டிக் கொடுத்தாராம். எங்களுக்கு அவர் ‘அப்பாயி’. இனி அப்பெயராலேயே குறிப்பிடுகிறேன்.

லாரியில் கோலாலம்பூர் இரயில் நிலையம் சென்றனர். அங்கிருந்து மூடிய இரும்புச் சரக்கு வண்டிகளில், நிற்கவும் இடமின்றி, நாள்கணக்கில் பயணம் செய்து பான்போங்கில் இறங்கினர். பிறகு மழையில் காட்டு வழியே நடை. பிரிக்பீல்ட்ஸ் இரயில்வே குடியிருப்புகளிலிருந்தும் ஆட்கள் போயினர். இரயில்வே தொழில் தெரிந்தவர்கள் அங்கே தேவைப்பட்டனர். நம் நாட்டுத் தண்டவாளங்களையும் பெயர்த்துக்கொண்டு போயினர். தம்பின் மலாக்கா கிளைப்பாதையும் கிழக்குக் கரைப் பாதையின் பெரும்பகுதியும் அவ்வாறு போயின. கிழக்குக் கரைப் பாதையை 1950-களில் மீண்டும் போட்டுவிட்டனர்.

காட்டில் என்ன நடந்தது என்பதை நாம் பெரும்பாலும் பிறர் எழுத்திலிருந்தே அறிகிறோம். 1943 மே மாத அளவில் மழையோடு வாந்திபேதி பரவியது. கூலிகளின் முகாம்களில் சாவு மிகுந்து வேலை தடைப்படவே, சிங்கப்பூர்ச் சாங்கி முகாமிலிருந்த கைதிகளுள் மருத்துவர்களையும் உதவியாளர்களையும் பொறுக்கி, ‘கே’ படை, ‘எல்’ படை என்னும் பெயர்களில் இரு குழுக்களாக ஜப்பானியர் அனுப்பினர். தமிழர் எவ்வாறு மடிந்தனர் என்பதற்கு அவர்களின் குறிப்புகளே முதன்மைச் சான்றுகள். போர்க்கைதிகளுக்கு அதிகாரி இருந்தார், மருத்துவர் இருந்தார், தண்ணீரைக் காய்ச்சிக் குடி என்று கட்டளையிட ஆள் இருந்தது, இறந்தவனைப் பதிவு செய்ய மறைவாகவேனும் ஓர் ஏடு இருந்தது. கூலிக்கு இவற்றுள் ஒன்றும் இல்லை. அவன் பக்கத்துத் தோட்டத்தானோடு புறப்பட்டான். வழியிலேயே பிரித்து வேறு வேறு முகாம்களுக்கு அனுப்பப்பட்டான். இறந்தபோது அவன் பெயரை அறிந்தவன் அருகில் இல்லாமலே போனான்.

1945 ஆகஸ்டில் போர் முடிந்தது. எஞ்சியவர்கள் சிறுகச் சிறுகத் திரும்பினர். அந்நாள்களில் அப்பாயி, வண்டி வருகிறது என்ற செய்தி கேட்கும்போதெல்லாம் கிள்ளானிலிருந்து கோலாலம்பூருக்குச் செல்வார். பிரிக்பீல்ட்ஸில், 1915-இல் எழுந்த நூறு வீட்டுக் குடியிருப்பில், எங்கள் உறவினர் ஒருவர் இருந்தார். இரயில்வேயில் தண்டவாளம் பார்க்கும் வேலை. அவர் வீட்டுத் திண்ணையில் தங்கி, விடியலில் நிலையத்துக்கு நடப்பார். அங்கே அவரைப் போன்று பல பெண்கள் நிற்பார்களாம். வண்டியிலிருந்து இறங்குவோர் எலும்பும் தோலுமாக, முகம் மாறிப் போயிருப்பர். ஆகவே பெண்கள் முகத்தைப் பார்ப்பதில்லை; ஊர்ப் பெயரையும் தோட்டத்தின் பெயரையும் உரக்கக் கூவுவார்கள். யாராவது திரும்பிப் பார்த்தால் அவர் அந்தத் தோட்டத்துக்காரர். இதை என் தந்தையார் சொல்லக் கேட்டேன். ஓரிரு முறை அவரும் உடன் சென்றிருக்கிறார். அந்த நூறு வீடுகளும் இன்று இல்லை.

எங்கள் லயத்துக்கு ஒருவர் திரும்பினார். பாட்டனாரோடு ஒரே வண்டியில் போனவர். காலில் ஆறாத புண். அப்பாயி அவரிடம் ஒரே ஒரு முறை கேட்டார். “பான்போங்குலயே பிரிச்சுட்டாங்க, ஆத்தா. அவரு எந்தப் பக்கம் போனாருன்னு தெரியல” என்று அவர் சொன்னார். அதன்பின் தம் வீட்டுக் கொல்லையில் காய்க்கும் கத்தரி, வெண்டையில் ஒரு பங்கை ஆண்டுக்கணக்கில் எங்கள் வீட்டு வாசலில் வைத்துவிட்டுப் போவார். அவருக்கு எல்லாம் தெரியும், சொல்ல மனமின்றி மறைத்தார் என்பது என் தந்தையாரின் ஐயம். நான் அவ்வாறு எண்ணவில்லை. தெரியாமல் திரும்பி வந்ததையே ஒரு குற்றமாகக் கொண்டு அதற்கு ஈடு செய்தார் போலும். இன்று கேட்டறிய அவரும் இல்லை.

தமிழர் துக்கம் ஓசை மிக்கது என்பது ஊரறிந்த செய்தி. பறை உண்டு, ஒப்பாரி உண்டு, மாரடித்தல் உண்டு. அந்த ஓசைக்கு ஒரு கால ஒழுங்கும் உண்டு. இறந்த அன்று ஒன்று, பால் தெளிக்கும் நாள் ஒன்று, பதினாறாம் நாள் கருமாதி, ஆண்டு முடிவில் திதி என்று ஒவ்வொன்றுக்கும் நாள் வகுத்திருக்கின்றனர். அழுகையை நாள்களில் பங்கிட்டு, சிறிது சிறிதாகத் தணித்து, ஓராண்டில் மனிதரை உலகத்தோடு மீண்டும் சேர்த்துவிடுவது அவ்வொழுங்கின் பயன். ஆனால் இவை யாவும் உடலிலிருந்தும் நாளிலிருந்தும் தொடங்குகின்றன. உடல் இல்லையெனில் ஒப்பாரிக்கு அமர இடமில்லை. நாள் இல்லையெனில் பதினாறை எங்கிருந்து எண்ணுவது? சயாமுக்குப் போனவர்களின் வீடுகளில் துக்கம் ஓசையற்றுப் போனதற்கு அம்மக்களின் பொறுமை மட்டும் காரணம் அன்று. துக்கத்தைத் தொடங்கும் வழியே அவர்களுக்கு அடைபட்டிருந்தது.

சில பெண்களுக்கு, திரும்பி வந்தவர் வாயிலாக உறுதியான செய்தி கிடைத்தது. அவர்கள் ஏதேனும் ஓர் அமாவாசையைக் கொண்டு கருமாதி செய்து, தாலியைக் கழற்றினர். சிலர் பிள்ளைகளைக் காக்க வேண்டி வேறொருவரோடு வாழ்ந்தனர். லயம் அதைக் குறை சொல்லவில்லை என்றே கேள்விப்பட்டிருக்கிறேன். அப்பாயி போன்றோர் இவ்விரண்டும் செய்யவில்லை. நெற்றியில் பொட்டும் கழுத்தில் மஞ்சள் கயிறுமாகப் பால் வெட்டினர், பிள்ளைகளை வளர்த்தனர், கிழவிகள் ஆயினர்.

ஆண்டு முழுதும் எங்கள் வீட்டில் பாட்டனாரைப் பற்றிப் பேச்சே இராது. தீபாவளிக்கு முதல் நாள் மாலை மட்டும் ஒன்று நடக்கும். மலேசியத் தமிழர் வீடுகளில் அன்று முன்னோர்க்குப் படையல் இடுவது வழக்கம் என்பதை வாசகர் அறிவர். இறந்தோர் விரும்பி உண்டவற்றைச் சமைத்து, வாழையிலையில் பரிமாறி, கற்பூரம் காட்டி, கதவைச் சிறிது நேரம் சாத்தி வைப்போம். அப்பாயி தம் மாமன் மாமிக்கும், கைக்குழந்தையாய் இறந்த ஒரு மகளுக்கும் இலை போடுவார். பாட்டனாருக்கு இலை போடுவதில்லை. அதே கோழிக் குழம்பையும் சோற்றையும் ஒரு பீங்கான் தட்டில் இட்டு, மற்றொரு தட்டால் மூடி, அடுக்களையில் அடுப்புக்கு அருகில் வைப்பார். இலை இறந்தவர்க்கு உரியது. வேலை முடிந்து நேரங்கழித்து வருபவருக்குத் தட்டில் எடுத்து மூடி வைப்பதே வழக்கம். இரவு முழுதும் அது அங்கேயே இருக்கும். காலையில் எண்ணெய் தேய்த்துக் குளித்தபின் என் தந்தையார் அதை உண்ணவேண்டும். அவருக்குத் திருமணமாகி நாங்கள் பிறந்த பிறகும் அவரே உண்டார். அப்பாயி காரணம் சொன்னதில்லை, நாங்களும் கேட்டதில்லை.

சட்டம் இவ்வளவு காலம் காத்திருப்பதில்லை. ஒருவரைப் பற்றி, அவரைப் பற்றி இயல்பாக அறியக்கூடியவர்கள் ஏழாண்டு காலம் ஒன்றும் கேள்விப்படவில்லையெனில் அவரை இறந்தவராகக் கொள்ளலாம் என்பது நம் சாட்சியச் சட்டம். அச்சட்டத்திற்கு 1950-ஆம் ஆண்டுச் சட்டம் என்று பெயர். 1943-உடன் ஏழைக் கூட்டினால் வருவதும் 1950-தான். இது தற்செயலே ஆயினும், கணக்குப் போட்டுப் பார்த்தபோது எனக்குச் சற்று நடுக்கமுண்டாயிற்று.

அரசுகளும் தத்தம் வழியில் கணக்கை முடித்துக்கொண்டன. இரயில் பாதையின் சயாம் பகுதியைப் பிரிட்டிஷார் தாய்லாந்து அரசுக்குப் பன்னிரண்டரை லட்சம் பவுனுக்கு விற்றனர். 1967 செப்டம்பரில் ஜப்பான், மலேசியாவுக்கு 25 மில்லியன் வெள்ளி பெறுமான பொருளும் பணியும் தர ஒப்புக்கொண்டது. அதன் பயனாக நாட்டுக்குக் கப்பல்கள் வந்தன. எங்கள் வீட்டுக்கு எதுவும் வரவில்லை.

உலகம் இப்பாதையை அறிந்தது 1957-இல் வெளிவந்த ‘குவாய் நதிப் பாலம்’ என்னும் ஆங்கிலப் படத்தால். அதன் மூல நாவலை 1952-இல் எழுதிய பிரெஞ்சுக்காரர் பியேர் பூல், போருக்கு முன் மலாயாவின் ரப்பர்த் தோட்டத்தில் பணிபுரிந்தவர். பெரட்டில் நின்ற தமிழரை நாள்தோறும் கண்டவர் என்றே கொள்ளலாம். படம் பிடிக்கப்பட்டதோ இலங்கையில், கித்துள்கலையில். இத்தனை தமிழ் மண் தொட்டும் தமிழ்த் தொழிலாளி அந்தக் கதையின் நடுவுக்கு வந்தானில்லை.

கோலாலம்பூரிலும் நினைவுத் தூண் ஒன்று உண்டு. முன்னர் இரயில் நிலையத்தை அடுத்து நின்று, 1960-களில் தேசிய நினைவுச் சின்ன வளாகத்துக்குப் பெயர்ந்தது. போரில் மாண்ட படைவீரர்க்கான தூண் அது. அந்த நிலையத்திலிருந்து சரக்கு வண்டியில் சென்றவர்கள் படைவீரர் அல்லராதலின் அவர்களின் பெயர் அதில் இல்லை. இதில் மற்றொரு விந்தையும் உண்டு. இறந்த தொழிலாளர்க்காகத் தமிழ் எழுத்தைக் கல்லில் முதலில் பொறித்தவர்கள் ஜப்பானியரே எனலாம். 1944-இல் குவாய்ப் பாலத்தருகே அவர்கள் எழுப்பிய நினைவுத் தூணில் பல மொழிகளோடு தமிழும் இடம்பெற்றுள்ளது. கொன்றவர் கையால் எழுதிய இரங்கற் கல்லை எவ்வாறு கொள்வது என்று எனக்கு விளங்கவில்லை. நெடுநேரம் அதன்முன் நின்றேன். கைகூப்பவும் இல்லை, முகத்தைத் திருப்பிக்கொள்ளவும் இல்லை.

நம்மவர் வாய் திறக்க நாளாயிற்று. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’ 1993-இலும், அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ 2005-இலும் நாவல்களாக வந்தன. ரெங்கசாமி தம் நாவலுக்கு இட்ட பெயரே ஒரு கோரிக்கையாக எனக்குப் படுகிறது. 2023-இல் காஞ்சனபுரியில், தொழிலாளரின் எச்சங்கள் வைக்கப்பட்ட பௌத்த ஆலயத்தில், தாய்லாந்துத் தமிழர்களின் முயற்சியால் நடுகல் ஒன்று நாட்டப்பட்டது. ஆநிரை மீட்டு மாண்டவனுக்குக் கல் நாட்டிய மரபினர் நாம். கல்லைத் தேர்ந்து காண்பது முதல் வாழ்த்துவது வரை தொல்காப்பியம் அதற்குத் துறை வகுத்திருக்கிறது. அக்கல்லில் பெயரும் பீடும் எழுதுவர் எனச் சங்கச் சான்றோர் கூறுவர். காஞ்சனபுரிக் கல் எல்லார்க்கும் பொதுவானது. அதன் முன் கற்பூரம் ஏற்றியபோது பாட்டனாரின் பெயரை வாய்விட்டுச் சொன்னேன். அவ்வளவே செய்ய இயன்றது.

அப்பாயி 1978-இல், மாசி மாதத் தேய்பிறையில் காலமானார். பாடையில் ஏற்றுமுன் லயத்துப் பெண்களிடையே ஒரு கேள்வி எழுந்தது. அவரைச் சுமங்கலியாக அனுப்புவதா, கைம்பெண்ணாக அனுப்புவதா? முப்பத்தைந்து ஆண்டுகள் ஒருவரும் வாய்விட்டுக் கேளாத கேள்வியை அன்று கேட்டே ஆகவேண்டியதாயிற்று. முதியவள் ஒருத்தி என் தந்தையாரை அழைத்தாள்.

“தம்பி, ஒங்கப்பாவுக்குச் சேதி எதும் வந்துச்சா?”

“வரலை, ஆயி.”

“அப்ப அவ கட்டுக்கழுத்திதான். பூவ வைங்கடி.”

மஞ்சள் பூசி, குங்குமமிட்டு, தலை நிறையப் பூச்சூட்டி அவரை அனுப்பினர். அன்று ஒப்பாரி நெடுநேரம் நீண்டது. பெண்கள் அப்பாயியை மட்டும் பாடவில்லை. நடுவே பாட்டனாரின் பெயரும் வந்தது. பிறகு அந்த லயத்திலிருந்து போன மற்றவர்களின் பெயர்களும் ஒவ்வொன்றாக வந்தன. அப்பெயர்களுள் பலவற்றை நான் முதன்முதலாகக் கேட்டது அன்றுதான்.

அவ்வாண்டு எங்களுக்குத் தீபாவளி இல்லை. அடுத்த ஆண்டுப் படையலின்போது தந்தையார் கூடுதலாக இரண்டு இலைகள் போட்டார். என் தங்கை அடுக்களையிலிருந்து அந்தப் பீங்கான் தட்டை எடுத்து வந்தாள். அவர் அதை வாங்கித் துடைத்து அலமாரியின் மேல்தட்டில் வைத்தார், ஒன்றும் சொல்லவில்லை.

மறு மாசியில் கிள்ளானில் ஒரு கோவிலில் திதி கொடுத்தோம். குருக்கள் பெயர் கேட்டபோது தந்தையார் இருவர் பெயரையும் சொன்னார். இருவருக்கும் ஒரே திதியா என்று குருக்கள் ஐயத்தோடு கேட்டார். ஒரே திதிதான் என்றார் என் தந்தையார்.